சொன்னதை மட்டும் சொன்ன பொம்மைகள்

அக்கா படியேறி வருகிறார் என்று தெரிந்தால் நாங்கள் எல்லோரும் வாயை மூடிக்கொள்வோம். பயம் என்று சொல்ல முடியாது. சரி, கொஞ்சம் பயம்தான் என்று வைத்துக்கொள்ளுங்கள். நாம் போகிற போக்கில் எதையாவது உளறிவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விடுவோம். அவர் விடமாட்டார். ஒரு மாதம் கழித்து, டீ குடித்துக்கொண்டிருக்கும்போது, "போன மாசம் நீ இப்படியில்லா சொன்ன தம்பி" என்று நம் வார்த்தையை நமக்கே எடுத்துச் சொல்வார். அதில் ஓர் எழுத்து கூடியிருக்காது, குறைந்திருக்காது. எத்தனையோ பேர் முகத்தில் ஈயாடாமல் போனதை நான் பார்த்திருக்கிறேன், என் முகத்தைக் கண்ணாடியில் பார்த்ததையும் சேர்த்து.

பெயரைச் சொல்லப்போவதில்லை. சொன்னால் "என் பேரைப் போடுன்னு நான் எப்பச் சொன்னேன்?" என்று கேட்பார். தூத்துக்குடியில் பன்னிரண்டு பதிமூன்று வருடங்களுக்கு முன்னால் உள்ளூர் கேபிள் பார்த்தவர்களுக்கு அவருடைய குரல் தெரியும், முகம் தெரியாது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் அரைமணி நேரம் வந்த 'அண்ணாச்சி சொன்னது' என்ற பொம்மை நிகழ்ச்சியில் ஏழு பொம்மைகளுக்கும் குரல் கொடுத்தவர் அவர்தான். ஏழும் ஊர்ப் பெரிய மனிதர்கள். ஏழும் ஆண்கள். ஐந்தடிகூட இல்லாத அந்த மனுஷி மேசைக்கு அடியில் கோணிச்சாக்கை விரித்து உட்கார்ந்துகொண்டு, விசைப்படகுச் சங்கத் தலைவரின் குரலில் ஒரு செருமல் செருமினால், கேமராவுக்குப் பின்னால் நிற்கிற எனக்குத் தானாகக் கை கட்டிக்கொள்ளும்.

இப்போது ஸ்ரீவைகுண்டம் பக்கம் மகள் வீட்டில் இருக்கிறார் என்று கேள்வி. கேள்விதான், நான் போய்ப் பார்க்கவில்லை.

அந்தச் சேனலில் நான் நிகழ்ச்சிப் பொறுப்பாளன். பொறுப்பாளன் என்றால் பெரிதாக நினைத்துவிடாதீர்கள். கேமரா தூக்க ஒரு பையன் உண்டு. மற்றபடி எழுதுவது, படம்பிடிப்பது, எடிட்டிங், ஜவுளிக்கடை விளம்பரத்துக்குக் குரல் கொடுப்பது, பவர்கட் ஆனால் ஜெனரேட்டர் கயிற்றை இழுப்பது எல்லாம் நான்தான். இத்தனைக்கும் நடுவில் எனக்கு எழுத்தாளன் என்ற நினைப்பு வேறு. நகைச்சுவை என்றால் இந்த ஜில்லாவில் என்னை விட்டால் ஆளில்லை என்று மனதார நம்பிக்கொண்டிருந்தேன்.

ஒரு மழைக்காலம். எங்கள் ஊரில் மழை பெய்தால் தண்ணீருக்குப் போக்கிடம் கிடையாது, தெருவிலேயே குடியிருக்கும். எங்கள் பகுதிக் கவுன்சிலரைக் கிண்டல் பண்ணி, ஒரு பழைய காலுறையில் இரண்டு பொத்தான் தைத்துக் கண் வைத்து, ஐந்து நிமிடம் ஒரு பொம்மைக் காட்சி போட்டேன். "வீட்டுக்கு ஒரு படகு தருவோம்" என்று பொம்மை பேசும். நானே எழுதி, நானே பேசி, நானே சிரித்தேன்.

மறுநாள் காலை ஓர் அம்மா சேலையை முழங்கால் வரை தூக்கிச் செருகிக்கொண்டு, குடையும் துணிப்பையுமாக எங்கள் அலுவலகத்துக்கு வந்து நின்றார்.

"அந்தப் பொம்மைக்கு எழுதுனது யாரு?"

"நான்தான்" என்றேன். பாராட்ட வந்திருக்கிறார் என்று நாற்காலியை வேறு இழுத்துப் போட்டேன்.

"அவிய படகுன்னு சொல்லலியே தம்பி."

"இது காமெடி அக்கா."

"அது தெரியுது. அவிய சொன்னது இதைவிடச் சிரிப்பாணி."

பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்தார். உள்ளே பார்த்தால் ஒரே வளைசலும் கோடும் புள்ளியும். சுருக்கெழுத்து. கோர்ட்டுப் பக்கம் ஒரு மாடிப்படிக்கு அடியில் டைப் மிஷின் வைத்துக்கொண்டு மனு அடித்துக் கொடுப்பவர் அவர். தமிழிலும் இங்கிலீஷிலும் சுருக்கெழுத்து ஹையர் பாஸ் பண்ணியவர். சங்கக் கூட்டம், கூட்டுறவுச் சொசைட்டிக் கூட்டம், கோயில் கமிட்டி எதுவானாலும் நடவடிக்கைக் குறிப்பு எழுத அவரைத்தான் கூப்பிடுவார்கள் என்பதெல்லாம் எனக்குப் பிறகுதான் தெரியும். முந்தின நாள் கவுன்சிலர் தெருவில் நின்று பேசியதை அவர் குடைக்கு அடியில் நின்று எழுதியிருக்கிறார். அதை வாசித்தார். வாசித்தார் என்றா சொல்வது? கவுன்சிலரே வந்து நின்றுவிட்டார்.

"தண்ணி எங்கனயும் தேங்கல. தேங்கிருக்குன்னு சொல்லுதவன் வேணும்னே சொல்லுதான். தண்ணி போறதுக்கு யோசிச்சுக்கிட்டு நிக்குது. நாம அவசரப்படுத்தக் கூடாது."

கேமரா பையன் தரையில் உட்கார்ந்துவிட்டான். எனக்குச் சிரித்துச் சிரித்து விலா வலித்தது. அந்த அம்மா சிரிக்கவே இல்லை. நோட்டை மூடிப் பைக்குள் வைத்துக்கொண்டு, "அவிய சொன்னதே போதும். நீ எதுக்குச் சிரமப்படுத?" என்று கேட்டார். அன்றைக்குத்தான் அந்த நிகழ்ச்சி பிறந்தது. எனக்கு மனதுக்குள் கொஞ்சம் எரிச்சலும் பிறந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

பொம்மைகளை அவரேதான் செய்தார். ஹார்பரில் வந்து இறங்குகிற இயந்திரங்களைச் சுற்றி ஸ்பான்ச் வரும். அதை வாங்கி பிளேடால் செதுக்கி, மேலே பனியன் துணி இழுத்துத் தைப்பார். கண்ணுக்கு டேபிள் டென்னிஸ் பந்து. முகம் அப்படியே இருக்கவேண்டும் என்று மெனக்கெடமாட்டார். வாயும் கையும்தான் அவருக்கு முக்கியம். யார் பேசும்போது மூக்கைத் தேய்ப்பார், யார் துண்டை இழுத்து இழுத்து விடுவார் என்பதெல்லாம் நோட்டின் ஓரத்தில் குறித்து வைத்திருப்பார். இருமல்கூட இருக்கும். ஒரு தடவை சங்கத் தலைவர் பொம்மை வாயைத் திறந்தபடியே பேசாமல் நின்றது. நான் பதறிப்போய், "அக்கா, வசனம் மறந்துபோச்சா?" என்று மேசைக்கு அடியில் குனிந்து கேட்டேன்.

"சும்மா கெட. இந்த இடத்துல அவிய மூணு எண்ணுத நேரம் ஒன்னும் சொல்லாம நின்னாவ."

தலைவரிடம் யாரோ டீசல் மானியம் என்ன ஆச்சு என்று கேட்டிருக்கிறார்கள். அந்த மௌனத்துக்குத்தான் ஊர் அதிகம் சிரித்தது. அடுத்த வாரம் மீன் ஏலக் கூடத்தில் யார் எதைக் கேட்டாலும் வாயைத் திறந்துகொண்டு நிற்பது ஒரு பழக்கமாகிவிட்டது.

பெரிய மனிதர்கள் கோபப்படவில்லையா என்று கேட்பீர்கள். பட்டார்கள். ஆனால் கோபப்பட்டு என்ன செய்வது? சொன்னது அவர்கள்தானே. "நான் அப்படிச் சொல்லவே இல்லை" என்று ஆரம்பித்தவர்களிடம் அக்கா நாள், இடம், முன்வரிசையில் உட்கார்ந்திருந்த ஆள் வரைக்கும் சொல்வார். ஒரு பாத்திரக்கடை அண்ணாச்சி மட்டும் வேறு வழக்கோடு வந்தார்.

"நான் என்ன பாவம் செஞ்சேன்? எனக்கு மட்டும் ஏன் பொம்மை இல்ல?"

"நீங்க இன்னும் ஒன்னும் சொல்லலியே அண்ணாச்சி" என்றார் அக்கா, நிஜமான வருத்தத்தோடு.

அந்த மனிதர் அதற்குப் பிறகு எந்தக் கூட்டத்திலும் மைக்கை விடவில்லை. மூன்றே மாதத்தில் பொம்மை கிடைத்தது.

எதை வேண்டுமானாலும் எழுதுவார், எல்லாவற்றையும் பொம்மையாக்கமாட்டார். ஒருதடவை கவுன்சிலர் தன் தம்பி இறந்த வீட்டில் அழுதுகொண்டே சொன்ன ஒரு வார்த்தை, ஐயோ, அவ்வளவு அபத்தம். அக்காவின் நோட்டில் அது இருக்கிறது என்று தெரிந்து நான் நச்சரித்தேன். "அழுதுக்கிட்டுச் சொன்னதுக்குப் பொம்மை கெடையாது" என்றார்.

வீட்டிலும் இதே கதைதான். அவருடைய கணவர் பஹ்ரைனில் இருந்தார். வெள்ளிக்கிழமை தோறும் போன் வரும். எங்கள் அலுவலகத்தில் இருக்கும்போது ஒருநாள் வந்தது. தோளுக்கும் காதுக்கும் நடுவில் செல்போனை இடுக்கிக்கொண்டு, அக்கா பென்சிலை எடுத்து எழுத ஆரம்பித்தார். புருஷன் பேசுவதைச் சுருக்கெழுத்தில் எழுதுகிற பெண்ணை அன்றைக்குத்தான் பார்த்தேன். எனக்கு வாய் சும்மா இருக்காது.

"இதையெல்லாம் திரும்ப எடுத்து வாசிப்பியளாக்கா?"

"ஒருதடவை வாசிச்சேன். வாரேன் வாரேன்னு நெறைய இடத்துல இருக்கு. எப்போன்னு ஒரு எடத்துலயும் இல்ல."

அவர் சாதாரணமாகத்தான் சொன்னார். நான்தான் அவசரமாக, டீ சொல்லட்டுமா என்று கேட்டேன்.

இந்த மனுஷிக்குத்தான் நான் துரோகம் பண்ணினேன். பெரிய வார்த்தைதான். ஆனால் வேறு வார்த்தை தேடினால் நான் மறுபடியும் மழுப்புகிறேன் என்று அர்த்தம்.

மாப்பிள்ளையூரணி தாண்டி ஓர் இறால் கம்பெனி இருந்தது. நூற்றுக்கும் மேற்பட்ட பெண்கள் ஷெட்டில் நின்றபடி இறால் உரிப்பார்கள். அத்தனை பேருக்கும் ஒரே ஒரு கக்கூஸ். அதற்கும் பூட்டு, சாவி சூப்பர்வைசர் இடுப்பில். ஒவ்வொரு தடவையும் அந்த ஆளிடம் போய் நின்று கேட்கவேண்டும். இதைத் தட்டிக்கேட்டு அவர்கள் வேலைக்குப் போகாமல் நின்றார்கள். முன்னால் நின்று பேசியது செல்வி என்ற பெண். வாய்த்துடுக்கும் இரண்டு பிள்ளைகளும் உள்ளவள். முதலாளி பேச்சுவார்த்தைக்கு வரச் சொன்னபோது செல்வி ஒரு வேலை செய்தாள். அக்காவைக் கூடவே கூட்டிக்கொண்டு போனாள்.

முதலாளி, ஒரு மூலையில் உட்கார்ந்து என்னவோ கிறுக்குகிற அம்மாவை ஒரு பொருட்டாக எடுத்துக்கொள்ளவில்லை. ஷெட்டில் எல்லோர் முன்னாலும் தாராளமாகப் பேசினார். பொங்கலுக்கு முன்னால் நாலு கக்கூஸ் கட்டித் தருகிறேன், பூட்டையும் எடுத்துவிடுகிறேன் என்றார். பெண்கள் நம்பி வேலைக்குத் திரும்பினார்கள். பொங்கல் வந்தது, போனது. ஒரு செங்கல்கூட வரவில்லை. கேட்டதற்கு, "நான் எப்பச் சொன்னேன்?" என்றார். செல்வி தொழிலாளர் அலுவலகத்தில் மனு கொடுத்தாள். அங்கே இருந்த அதிகாரி, சொன்னதற்கு ஏதாவது ஆதாரம் உண்டா என்று கேட்டார். அக்காவின் நோட்டைத் தவிர வேறொன்றும் இல்லை. "அந்தம்மா எழுதுனதா? அப்போ கொண்டு வாங்க, பார்க்கலாம்" என்றாராம். அவருக்கும் நிகழ்ச்சி தெரியும். அக்கா ஒரு வார்த்தை கூட்டமாட்டார் என்று ஊருக்கே தெரியும். அந்த ஒரு நம்பிக்கையில்தான் நாலு கக்கூஸும் தொங்கிக்கொண்டிருந்தன.

விசாரணைக்கு இரண்டு வாரம் இருக்கும்போது, நம் நிகழ்ச்சியில் இந்த முதலாளியைப் போடலாம் என்றேன். அக்கா யோசித்தார். ஊர் பார்க்க நின்று சொன்னதுதானே என்று ஒத்துக்கொண்டார். பொம்மை பேசியது இது:

"கக்கூசு கக்கூசுங்கிய. சின்னப்பிள்ளையில நாங்கள்லாம் கடக்கரைக்குத்தான் போனோம். போனதுனாலதான் இன்னைக்கு முதலாளியா நிக்கேன்."

நல்ல வசனம்தான், இப்போது தெரிகிறது. அன்றைக்கு எடிட்டிங்கில் பார்க்கும்போது எனக்குக் காரம் பத்தவில்லை. என் காதில் செல்வி சொன்னது ஓடிக்கொண்டிருந்தது. முந்தின வாரம் எங்கள் அலுவலகத்துக்கு வந்திருந்தபோது சொன்னாள்: "காலையில கம்பெனி வேன் ஏறுததுக்கு முன்னாடியே தண்ணி குடிக்கதை நிறுத்திருவோம் அண்ணாச்சி. சாயங்காலம் வீட்டுக்கு வந்துதான் குடிக்கது. பாதிப் பேருக்கு நீர்க்கடுப்பு." இதைக் கேட்டபிறகும் அந்த ஆளை இவ்வளவு லேசாகவா விடுவது? அலமாரியைத் திறந்தேன். முதலாளி பொம்மையை எடுத்தேன். என் கையை உள்ளே விட்டேன். இரண்டு வருடம் அக்காவைக் கேட்டுக் கேட்டு எனக்கும் குரல் ஓரளவு வந்திருந்தது. ஒரே ஒரு வரி.

"தண்ணி குடிச்சாத்தானே கக்கூசு? குடிக்காம வாங்க."

கடைசியில் ஒட்டினேன். ஞாயிற்றுக்கிழமை ஒளிபரப்பானது.

அடடா, என்ன வரவேற்பு! திங்கட்கிழமை காலை டீக்கடையில் அந்த வரிதான். பஸ் ஸ்டாண்டில் அந்த வரிதான். கம்பெனி வாசலில் பெண்கள் அட்டையில் எழுதிப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். நான் தரையில் நடக்கவில்லை. செவ்வாய்க்கிழமை மத்தியானம் முதலாளி தொழிலாளர் அலுவலகத்துக்கு ஒரு கடிதம் அனுப்பினார். அதில் எழுதியிருந்தது இது: அந்த வார்த்தையை நான் சொல்லவில்லை, சொன்னதாக நூறு பேரில் ஒருவர் சத்தியம் செய்யட்டும். சொல்லாததைச் சொன்னதாகக் காட்டுகிற இதே பெண்தான் நான் கக்கூஸ் கட்டித் தருவதாகச் சொன்னேன் என்றும் எழுதி வைத்திருக்கிறார். அந்த நோட்டை எப்படி நம்புவது?

நியாயம்தான். முதல்முறையாக அந்த ஆள் உண்மையைச் சொல்கிறார், அதற்கு வழி செய்து கொடுத்தவன் நான்.

அன்று சாயங்காலம் அக்கா வந்தார். நான் எழுந்து நின்றேன். அவர் ஒன்றும் கேட்கவில்லை. எதிரே உட்கார்ந்து நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டார். அந்தப் பேசாத முகத்தைப் பார்த்ததும் நான் பேச ஆரம்பித்தேன். பத்து நிமிடம் பேசியிருப்பேன். அவர் பென்சில் ஓடிக்கொண்டே இருந்தது. நடுவில் ஒரே ஒரு தடவைதான் வாய் திறந்தார், "சொல்லாட்டி என்ன, நினைச்சிருப்பாருல்லா" என்று நான் சொன்னபோது.

"நினைச்சதை எழுத எனக்குத் தெரியாது தம்பி."

நான் பேசி முடித்ததும் நோட்டை மூடிக்கொண்டு போய்விட்டார்.

வியாழக்கிழமை ஒளிப்பதிவுக்கு வழக்கம்போல வந்தார். பையில் ஒரே ஒரு பொம்மை. புதுசு. கறுப்புச் சட்டக் கண்ணாடி, சட்டைப்பையில் இரண்டு பேனா, இடது கையில் பெரிய வாட்ச். கேமரா பையன் என்னைப் பார்த்தான், பொம்மையைப் பார்த்தான், தலையைக் குனிந்துகொண்டான். நான் பேசும்போது வாட்சைத் திருகுவேன் என்பதே எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

"இந்த வாரம் ஒரு ஆளுதான்" என்று சொல்லிவிட்டு மேசைக்கு அடியில் போனார். பொம்மை எழுந்து வாட்சைத் திருகியது.

"அக்கா, இப்ப என்ன ஆயிப்போச்சு? ஒரு வரி. ஒரே ஒரு வரி. அதுவும் நான் ஆசைப்பட்டா போட்டேன்? நிகழ்ச்சி சப்புன்னு இருந்துச்சு, போட்டேன். நாந்தான் போட்டேன், இல்லன்னு சொல்லல. என் கையை விட்டு, என் குரல்லதான் போட்டேன். உங்களுக்கே தெரியாமத்தான் போட்டேன். தெரிஞ்சா விடுவியளா? அவரு சொல்லல, சரி. சொல்லாட்டி என்ன, நினைச்சிருப்பாருல்லா? ஊரே சிரிச்சுது. சிரிச்சவன்லாம் கிறுக்கனா? பார்க்கப்போனா அந்தப் பொம்பளையளுக்கு நான் நல்லதுதான் செஞ்சிருக்கேன். நாளைக்கே தெரியும். தெரியாட்டி நாளன்னைக்குத் தெரியும். நான் என்ன கொலையா பண்ணிட்டேன்? ஆளாளுக்கு என்னையவே பார்த்தா எப்படி? எனக்கும் வேலைப்பளு இருக்கு."

இப்படியே பத்து நிமிடம். பொம்மை இடையிடையே நிறுத்தியது, கண்ணாடியை ஏற்றிவிட்டது, செருமியது. நான் லைட் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு நின்றேன். முதலில் கோபம் வந்தது. அப்புறம் காது சூடானது. அப்புறம், கடவுளே, எனக்கே சிரிப்பு வந்துவிட்டது. கேமரா பையன் அடக்க முடியாமல் வெளியே ஓடிவிட்டான்.

அக்கா மேசைக்கு அடியிலிருந்து வெளியே வந்து முழங்காலைத் தட்டிவிட்டுக்கொண்டார்.

"எடிட்டிங் நீதான். வெட்டணும்னா வெட்டிக்கோ" என்றார். சமாதானமும் இல்லை, மிரட்டலும் இல்லை.

சனிக்கிழமை மத்தியானம் முழுக்க அதை முன்னால் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். போட்டால் வேலை போகும், அதில் சந்தேகமே இல்லை. நிகழ்ச்சியில் பொய் சேர்த்தேன் என்று சேனலிலேயே ஒத்துக்கொண்டவனை எந்த முதலாளி வைத்துக்கொள்வான்? என் மனைவிக்கு அப்போது ஆறு மாதம். வெட்டிவிட்டால் அக்கா யாரிடமும் சொல்லப்போவதில்லை, அதுவும் தெரியும். ஆனால் வெட்டினால் அந்த நோட்டு வெறும் காகிதம். ஷெட்டில் நிற்கிறவர்கள் தண்ணீர் குடிக்காமலேயே நிற்கவேண்டியதுதான். இத்தனை நல்ல காரணங்களோடு ஒரு கெட்ட காரணமும் இருந்தது, அதையும் சொல்லிவிடவேண்டும். அந்தச் சேனலில் நாங்கள் எடுத்ததிலேயே அதுதான் மிகச் சிரிப்பான பத்து நிமிடம். ஒரு தொழில்காரனாக எனக்கு அதை வெட்ட மனசு வரவில்லை. ஒரு நொடிகூட வெட்டாமல் அப்படியே போட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை வீட்டில் பார்த்தோம். என் மனைவி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "அப்படியே நீங்கதான்! எங்கிட்டயும் இப்படித்தான் பேசுவிய" என்றாள். நிகழ்ச்சி முடியுமுன்பே சேனல் முதலாளியின் போன் வந்துவிட்டது. நாளையிலிருந்து வரவேண்டாம். 'அண்ணாச்சி சொன்னது' நிகழ்ச்சியும் அதோடு நின்றது.

மறுநாள் விசாரணைக்கு நானும் போனேன். கூப்பிட்டால் சாட்சி சொல்லலாம் என்று. யாரும் கூப்பிடவில்லை, தேவையும் இருக்கவில்லை. முதலாளியின் வக்கீல் நோட்டைப் பற்றி வாயெடுத்ததுமே அதிகாரி, "நேத்து டிவி பார்த்தேன். எது யாரு போட்டதுன்னு தெரிஞ்சுபோச்சு" என்று சொல்லிவிட்டு அக்காவை வாசிக்கச் சொன்னார்.

அக்கா எழுந்து நின்று கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். பொம்மை இல்லை, மேசை இல்லை. ஆனால் ஆரம்பித்ததும் அந்தக் குரல் வந்துவிட்டது.

"கக்கூசுதானே கேக்குதிய? பொங்கலுக்கு முன்னாடி நாலு கட்டித் தாரேன். பூட்டும் கெடையாது, சாவியும் கெடையாது. எழுத்தா? எழுத்து எதுக்கு?" இந்த இடத்தில் ஒரு இருமல். பிறகு கொஞ்ச நேரம் பேச்சில்லை. "எங்க அய்யா காலத்துல இருந்து எங்க குடும்பத்துல சொன்னாச் சொன்னதுதான்."

முதலாளியின் மேனேஜர் குனிந்துகொண்டார், தோள் குலுங்கியது. வக்கீல் காகிதத்தைப் புரட்டினார். முதலாளி அக்காவையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்த இருமல் தன்னுடையதுதான் என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. "சொன்னேன்யா" என்றார் கடைசியில். "சொன்னதுதான். எங்க கையெழுத்துப் போடணும்?"

வெளியே வந்தோம். பெண்கள் அக்காவைச் சுற்றிக்கொண்டார்கள். நான் எதற்கு இன்னும் நிற்கிறோம் என்று புரியாமல் வேப்பமரத்தடியில் நின்றேன். செல்வி என்னிடம் வந்தாள்.

"டிவியில எல்லாம் சொன்னிய அண்ணாச்சி. மூணு பேரு போன்ல புடிச்சு வச்சிருந்ததை வாங்கி, ராத்திரியே திரும்பத் திரும்பப் பார்த்தேன். மன்னிச்சிருங்கன்னு மட்டும் ஒரு எடத்துலயும் சொல்லலியே."

அந்தப் பத்து நிமிடத்தை நான் எத்தனை தடவை ஓட்டிப் பார்த்திருப்பேன்! ஒலி சரியாக இருக்கிறதா, வெளிச்சம் சரியாக இருக்கிறதா என்றுதான் பார்த்திருக்கிறேன். எவ்வளவு பேசியிருக்கிறேன், அந்த வார்த்தை வாயில் வரவே இல்லை. சொல்லியிருந்தால் பொம்மையும் சொல்லியிருக்கும்.

"மன்னிச்சிரும்மா" என்றேன் செல்வியிடம். உங்கள் சங்கடத்தை எடுத்து நான் வேடிக்கை காட்டிவிட்டேன், உங்கள் காரியத்தையே கெடுக்கப் பார்த்தேன் என்று சொல்ல வந்தேன். அவ்வளவு நீளமாகச் சொல்லவில்லை. மறுபடியும் பேச ஆரம்பித்துவிடுவேனோ என்று பயமாக இருந்தது.

அக்கா பக்கத்தில் வந்து நின்றிருந்தார். அவர் பக்கம் திரும்பினேன். கை வாட்சுக்குப் போனது, எடுத்துக்கொண்டேன்.

"அக்கா, நான் செஞ்சது தப்பு. என்னைய மன்னிச்சிருங்க."

அக்காவின் கை பழக்கத்தில் பைக்குள் போய்விட்டது. நோட்டின் விளிம்பு வெளியே தெரிந்தது. ஒரு கணம் அப்படியே நின்றவர், அதைத் திரும்ப உள்ளே தள்ளினார்.

"இதை எழுத வேண்டாம்" என்றார். "இது ஞாபகம் இருக்கும்."